சிவப்பு விளக்கு அணையும் வரை

மதிப்புக்குரிய ஐயா, அல்லது அம்மையீர்,

இதனை வாசிக்கும் தாங்கள் யாரென்று நான் அறியேன். எனினும் அந்தப் போட்டியைத் தாங்கள் தொலைக்காட்சியில் கண்டிருக்கக்கூடும். ஆசிய நாடுகள் பல பங்குகொண்ட அந்தப் பாட்டுப் போட்டியில் நமது நாடு முதன்முறையாகச் சேர்ந்த ஆண்டில், உயர்ந்த கழுத்துப்பட்டி வைத்த கரும்பச்சைப் பட்டு உடை அணிந்து ஒரு வெள்ளவத்தைப் பிள்ளை மேடையில் நின்றது தங்கள் நினைவில் இருக்கலாம். அந்த உடையைத் தைத்தவன் நான். அன்று பாடியவர் யார் என்பதைச் சொல்வதற்காகவே இதனை எழுத அமர்ந்தேன்.

பாடியவர் என் அயலவரான ஓர் அம்மையார். கொட்டாஞ்சேனையில், முச்சக்கர வண்டி ஒன்று நுழைந்தால் நடப்பவர் சுவரோடு ஒட்டி நிற்க வேண்டிய ஓர் ஒழுங்கையில், என் தையற்கடையும் அவருடைய வீடும் அருகருகே இருந்தன. என் வெட்டு மேசைக்கும் அவருடைய முன்னறைக்கும் இடையில் ஒரு செங்கல் அகலச் சுவர் மட்டுமே. இருபது ஆண்டுகளுக்கு மேலாக அந்தச் சுவரின் வழியாக நான் அவரைக் கேட்டிருக்கிறேன். தொலைக்காட்சித் தொடர்களுக்குத் தமிழில் குரல் கொடுப்பது அவருடைய தொழில். சிங்களத்திலும் இந்தியிலும் கொரிய மொழியிலும் அழுத பெண்களுக்கெல்லாம் தமிழில் அழுதவர் அவரே. மணம் செய்துகொள்ளவில்லை. அவருக்கு அப்போது ஐம்பத்தைந்து வயதிருக்கும், எனக்கு எழுபது.

அவரிடமிருந்த இயல்பு ஒன்றே. ஒருவரின் குரலைக் கேட்டால் அதனை அப்படியே எடுத்துக்கொள்வார். மேடைகளில் பிறரைப் போலப் பேசிக் காட்டுகிறவர்களை நானும் பார்த்திருக்கிறேன். அவர்கள் ஒரு குரலில் உள்ள கோணலைப் பெரிதாக்கிச் சிரிப்பு மூட்டுவார்கள். அம்மையார் பேசும்போது சிரிப்பு வராது. அறையில் வேறொருவர் இருப்பதாகத் தோன்றும். திரும்பிப் பார்க்க வேண்டியிருக்கும்.

ஒருநாள் காலை மீன்காரர் சைக்கிளில் வந்து வழக்கம்போல் "மாலு, மாலு" என்று கூவினார். திரைச்சீலைக்குப் பின்னாலிருந்து அதே கூவல் திரும்பி வந்தது. இறுதியில் அவருக்கு உடைகிற இடத்தில் அதுவும் உடைந்தது. மனிதர் சைக்கிளை நிறுத்தி, தராசைக் கையில் எடுத்தார்.

"யார்டா அது? இது என்ட ரோட். வேற பக்கம் போ."

"யார்டா அது? இது என்ட ரோட். வேற பக்கம் போ" என்றது அவருடைய குரல், வீட்டுக்குள்ளிருந்து.

உண்மை தெரிந்த பிறகு மீன்காரர் நெடுநேரம் சிரித்தார். "அக்கா, நாளைக்கு எனக்குக் காய்ச்சல். நீங்க கூவுங்க, நான் படுத்திருக்கிறன்" என்றார். ஆனால் அதற்குப் பின் எங்கள் ஒழுங்கைக்கு வந்தால் கூவமாட்டார். சைக்கிள் மணியை மட்டும் அடிப்பார்.

அன்றுதான் நான் அம்மையாரின் வழக்கம் ஒன்றை முதலில் கவனித்தேன். மீன்காரர் போன பிறகு அம்மையார் பின்புறத்துக் குழாயடிக்குச் சென்று, தாழ்ந்த குரலில், தம்முடைய பெயரையும் தந்தையாரின் பெயரையும் வீட்டு இலக்கத்தையும் ஒருமுறை சொன்னார். மாநகரசபையிலிருந்து எவரோ வந்து விசாரிப்பதாக எண்ணி நான் எட்டிப் பார்த்தேன்.

"யாரோட கதைச்சீங்க தங்கச்சி?"

"என்னோடதான், டெயிலர் அண்ணன்."

"தன்னோட கதைக்கிறவங்க டோர் நம்பரும் சொல்லுவாங்களா?"

அவர் குழாயை மூடினார். "நீங்க தச்ச உடுப்பை அளவு பார்க்கப் போடுறவங்க, அதைக் கழட்டித் தந்திட்டுத் தங்கட உடுப்பைப் போட்டுக்கொண்டுதானே வீட்டுக்குப் போறாங்க? அவ்வளவுதான்."

அதன் பின் கவனித்துவந்தேன். ஒலிப்பதிவுக்குப் போய் மாலையில் திரும்பும் ஒவ்வொரு நாளும், விளக்கேற்றுவதற்கு முன், அந்த மூன்றையும் சொல்வார்: பெயர், தந்தை பெயர், இலக்கம். அவருடைய சொந்தக் குரல் சற்றுக் கரகரப்பானது, மூக்கைத் தொடாதது, அதில் அழகென்று சொல்ல எதுவும் இல்லை. அந்தக் குரல் கேட்டதும் நான் கத்தரியை எடுத்து வைத்துக் கடையைப் பூட்ட ஆயத்தமாவேன். எனக்கு அது மணி அடிப்பதுபோல் ஆகிவிட்டது.

எங்கள் ஒழுங்கையின் கடைசி வீட்டில் பதினொரு வயதுப் பெண்பிள்ளை ஒன்று டெங்குக் காய்ச்சலில் இறந்தது. முப்பத்தோராம் நாள் சடங்கு கழிந்த பின் அந்தத் தாய் அம்மையாரிடம் வந்து நின்றார்.

"ஒருக்கா மட்டும் அக்கா. ஸ்கூல் விட்டு வந்து கூப்பிடுவாளே, அது மட்டும்."

அம்மையார் பல நாட்கள் மறுத்தார். பின் ஒரு பிற்பகலில், பள்ளிக்கூடம் விடும் நேரத்தில், அந்த வீட்டு வாசலில் நின்று, "அம்மா, பசிக்குது" என்றார். நான் அப்போது அந்த வீட்டுக்கு எதிரே ஒரு திண்ணையில் இருந்து பொத்தானுக்குக் காஜா எடுத்துக்கொண்டிருந்தேன். ஊசி விரலில் ஏறியது எனக்குத் தெரியவில்லை. தாய் அழவில்லை. உள்ளே போய்த் தட்டில் சோறு போட்டு, பருப்பு ஊற்றி, மேசையில் வைத்துவிட்டு, வாசலைப் பார்த்து உட்கார்ந்தார். சோறு ஆறும்வரை உட்கார்ந்திருந்தார்.

அன்று மாலை குழாயடியில் அம்மையார் தம் பெயரைச் சொல்வது கேட்டது. சொன்னது அந்தக் குழந்தையின் குரல். மீண்டும் சொன்னார், இரண்டு பேர் ஒன்றாகச் சொல்வதுபோல் இருந்தது. மூன்றாம் முறைதான் அவருடைய குரல் வந்தது. மறுநாள் என் கடைப் படியில் உட்கார்ந்து, "கேட்டு எடுக்க ஆள் இல்லாத குரலை எடுக்கக் கூடாது, அண்ணன். திருப்பிக் குடுக்கப் போனா வாங்கிறதுக்கு அங்க ஒருத்தரும் இல்ல" என்றார். அந்தச் சொல்லைத் தாங்கள் நினைவில் வைத்துக்கொள்ள வேண்டுகிறேன்.

இனிப் போட்டியைப் பற்றிச் சொல்கிறேன்.

நாடு ஒன்றுக்கு ஒரு பாட்டு. எந்த மொழியில் பாடுவது என்பதிலேயே இங்கே பல மாதங்கள் கழிந்தன என்று அம்மையார் சொல்லுவார். சிங்களம் முதலில் வருவதா, தமிழும் உண்டா, இரண்டும் வேண்டாம் ஆங்கிலம் போதுமா என்று பெரியவர்கள் கூடிக் கூடிப் பிரிந்தார்கள். இறுதியில் முதலடி ஒரு மொழியிலும் ஈற்றடி மற்ற மொழியிலும் அமைய, நடுவில் சொற்களே இல்லாத நீண்ட இராக இழுப்பு ஒன்று வைக்கப்பட்டது. சொல் இருந்தால் எந்த மொழிச் சொல் என்ற வழக்கு எழும். சொல் இல்லாவிட்டால் எவருக்கும் மனத்தாங்கல் இல்லை. ஆகவே நம் நாட்டுப் பாட்டில் மிக உயர்ந்த பகுதி, எவருடைய மொழியும் அல்லாத பகுதியாயிற்று. அந்த உயரத்தைத் தாங்குவதற்குத் துணைக்குரல் ஒன்று வேண்டியிருந்தது. துணைக்குரலைப் பதிவு செய்து ஒலிக்கவிடக் கூடாது, அவ்விடத்திலேயே பாடவேண்டும், ஆனால் துணைப் பாடகர் திரையில் தெரியவேண்டியதில்லை என்பது போட்டியின் விதி. அம்மையாரை அதற்கு அழைத்தார்கள். உடுப்புப் பற்றிப் பேச்சு வந்தபோது, "எங்கட டெயிலர் அண்ணன் தைக்கட்டும்" என்று சொன்னவரும் அவரே.

பாடுவதற்குத் தெரிவான பிள்ளைக்குப் பத்தொன்பது வயது. தாயோடு இரண்டு முறை அளவு கொடுக்க வந்தது. நல்ல பிள்ளை. பேசும்போது ஒவ்வொரு வசனத்தின் முடிவிலும் குரலைச் சற்றே தூக்கும், கேள்வி கேட்பதுபோல். இடுப்பை இறுக்கிப் பின்புறம் கொக்கி வரிசை வைத்துத் தைத்தேன். பாடுகிறவர்களுக்கு மூச்சு நெஞ்சில் நிற்பதில்லை, வயிற்றில் இறங்கும் என்று அம்மையார் சொல்லியிருந்தமையால், கொக்கிகளுக்கு உள்ளே ஒரு மடிப்பு விட்டேன். மூச்சு இழுத்தால் அந்த மடிப்பு விரியும்.

தொற்றுநோய்க் காலம் முழுதாக நீங்கியிராததால் அந்த ஆண்டு ஒவ்வொரு நாடும் தன் தன் நகரத்துக் கலையகத்திலிருந்தே பாடுவதென்று ஏற்பாடு. எங்களுடையது நகரத்துக்குள்ளே ஒரு கட்டடம். பிற்பகல் ஒளிபரப்பு. கடைசி நேரத்தில் கொக்கி ஏதேனும் தெறித்தால் தைப்பதற்காக என்னையும் உள்ளே விட்டார்கள். மேடையின் ஓரத்தில் கறுப்புத் துணித் தட்டி ஒன்று நின்றது. அதற்குப் பின்னால் ஓர் ஒலிவாங்கி, அம்மையார், நான். எங்கள் தலைக்கு மேல் சிவப்பு விளக்கு. அது எரிந்தால் நாங்கள் மூச்சு விடுவதும் பிற நாடுகளுக்குக் கேட்கும் என்று சொல்லப்பட்டது.

நண்பகலுக்குப் பின் பிள்ளையின் தொண்டை அடைத்தது. பயம்தான் என்று எல்லோரும் சொன்னார்கள். பேச்சு கரகரத்து வந்தது, பாட்டு எழவில்லை. தளத்துப் பொறுப்பாளர் சிங்களவர், நாற்பது வயதுக்காரர், நல்லவர். அவர் அம்மையாரைத் தனியே அழைத்தார். கையில் ஊசியோடு நானும் அருகில் நின்றேன்.

"அக்கா, ஃபுல் ஸோங் நீங்க பாடுங்க. நங்கி, அந்தப் பிள்ளை, வாய் மட்டும் அசைக்கிற. யாருக்கும் தெரியாது."

"அது களவு, தம்பி."

"ரட்டே நம, அக்கா. நாட்டிண்ட பேர்."

பிள்ளைக்கு அது கேட்டது. "வேண்டாம் அன்ரி, பிழை" என்றது. பிறகு, "அம்மா எல்லாருக்கும் சொல்லிப்போட்டா. எங்கட ஃப்ளாட்ஸ் முழுக்க டிவிக்கு முன்னால இருக்குதுகள்" என்று சொல்லித் தலையைக் குனிந்துகொண்டது.

அம்மையார் அதன் மணிக்கட்டைப் பிடித்தார். "பிள்ளை, நீங்க ஓம் சொல்லாம நான் தொடமாட்டன். பிறகு கட்டாயம் திருப்பித் தருவன். அது என்ட வழக்கம். சம்மதம் எண்டா, காலையில என்ன சாப்பிட்டீங்க எண்டு சொல்லுங்க."

அவர் குரல் எடுக்கும் முறை அது. பாட்டைக் கேட்டு எடுக்கமாட்டார். உண்டதையும் அதற்குப் பின் யாரோடு சண்டை பிடித்தார்கள் என்பதையும் சொல்ல வைப்பார். பசியைப் பற்றிப் பேசும்போது மட்டும் எவரும் குரலை அலங்கரிப்பதில்லை என்பார்.

"ஒண்டும் சாப்பிடேல்லை" என்றது பிள்ளை. "அம்மா இடியப்பம் அவிச்சவா. எனக்கு இறங்கேல்லை. அதுக்கு அவா ஏசினவா. ரெண்டு மிடறு பிளேன்ரீ குடிச்சனான்."

"ரெண்டு மிடறு பிளேன்ரீ குடிச்சனான்" என்றார் அம்மையார்.

மீண்டும் சொன்னார்கள். இரண்டாம் முறை எந்தப் பக்கத்திலிருந்து எது வந்தது என்று எனக்குச் சொல்லத் தெரியவில்லை. ஆனால் அடைப்பும் கரகரப்பும் பிள்ளையிடமே நின்றன. அம்மையாரிடம் போனது சுகமான குரல் மட்டுமே.

பாட்டைப் பற்றி எழுதுவதற்கு எனக்குத் தகுதி இல்லை. நான் பார்த்தது கொக்கிகளை. தட்டியின் விளிம்பில் நின்றால் பிள்ளையின் முதுகு தெரியும். பிள்ளை வாயை மட்டுமே அசைத்தது. நெடிய மூச்சை இழுத்தவர் எனக்கு அருகில் இருந்த அம்மையார். அவர் இழுத்தபோதெல்லாம், நான் பிள்ளையின் உடுப்பில் விட்டிருந்த மடிப்பு விரிந்தது. சொல்லற்ற அந்த உயர்ந்த இழுப்பு வந்தபோது கீழ்க் கொக்கி ஒன்று நூலோடு தெறித்து என் காலடியில் விழுந்தது. ஐம்பது ஆண்டுகள் இடுப்புக்கு அளவெடுத்தவன் நான். நடிப்பு மூச்சுக்கு அப்படி ஒரு கொக்கி தெறியாது.

பாட்டு முடிந்தது. அயல்நாட்டிலிருந்த அறிவிப்பாளர் நம் நாட்டின் பெயரைச் சொல்லி வாழ்த்தினார். அம்மையார் காதில் மாட்டியிருந்த ஒலிக்கருவியைக் கழற்றினார், சுவரின் பக்கம் திரும்பினார், உதடுகளைத் திறந்தார். அவர் என்ன சொல்லப் போகிறார் என்பது எனக்குத் தெரியும். இருபது ஆண்டுகளாகக் கேட்டவன் நான். விளக்கு எரிந்துகொண்டிருந்தது. தட்டிக்கு அப்பால் பொறுப்பாளர் கைகளை விரித்து, குரலில்லாமல், "கதா கரன்ட எப்பா" என்று வாயசைத்தார். பேச வேண்டாம் என்பது அதன் பொருள். அந்தப் பெயர் கேட்டிருந்தால், பாடியவர் வேறொருவர் என்பது எல்லா நாடுகளுக்கும் தெரிந்திருக்கும்.

நான் என் வலது உள்ளங்கையால் அம்மையாரின் வாயைப் பொத்தினேன்.

பெயரின் முதல் ஒலி என் கையில் பட்டது. வெப்பமாக இருந்தது. மற்றவை உள்ளே நின்றுவிட்டன.

அதன் பின் ஒவ்வொரு நாடாகப் புள்ளிகளைச் சொன்னார்கள். ஒரு தலைநகரம் பேசும், பின் இடைவெளி, பின் அடுத்தது. கெமராவைக் கடக்காமல் தட்டிக்குப் பின்னாலிருந்து வெளியேற வழியில்லை. நான் கையை எடுத்துவிட்டேன். அவர் வாயை மூடியபடியே நின்றார். நடுவில் அறிவிப்பாளர் பிள்ளையிடம், எப்படி உணர்கிறீர்கள் என்று ஆங்கிலத்தில் கேட்டார். பிள்ளை வாயைத் திறந்தது. காற்று மட்டும் வந்தது. ஆனந்தத்தால் பேச்சு எழவில்லை என்று அவர்கள் கைதட்டினார்கள். நாம் முதலாவதாகவும் வரவில்லை, கடைசியாகவும் வரவில்லை.

விளக்கு அணைந்ததும் அம்மையார் தம் பெயரைச் சொன்னார். சொன்னது பிள்ளையின் குரல். ஈற்றில் சற்றே தூக்கி, கேள்விபோல். மறுபடி சொன்னார். மூன்றாம் முறையும் சொன்னார். பின் என்னைப் பார்த்துச் சிரித்தார்.

"நாளைக்கு வரும், அண்ணன்" என்றார், பத்தொன்பது வயதுக் குரலில்.

வரவில்லை. எரிவாயு சிலிண்டர் கொண்டுவந்தவர் கதவுக்கு வெளியே நின்று, "மகள், அம்மாவைக் கூப்பிடுங்க" என்றார். ஒலிப்பதிவுக் கூடத்தினர் சில நாள் பொறுத்துப் பார்த்து, பின் அழைப்பதை விட்டார்கள். வைத்தியர் தொண்டைக்குள் குழாய் விட்டுப் பார்த்து ஒரு குறையும் இல்லை என்றார். பிள்ளைக்கும் அவ்வாறே சொன்னதாக அறிந்தோம். அங்கே அது கிசுகிசுப்பாக மட்டுமே பேசிற்று. வெள்ளவத்தையில் அதனைக் கண்ணூறு பட்டது என்றார்கள். முதல் மாதங்களில் அம்மையார் இரண்டு முறை பிள்ளையின் வீட்டுக்குப் போனார், திருப்பிக் கொடுப்பதற்காக. மகளின் குரல் வாசற்படியில் நின்று பேசக் கேட்ட தாய், இரண்டு முறையும் கதவைத் திறக்கவில்லை.

மாலையில் குழாயடிப் பழக்கத்தை மட்டும் அவர் விடவில்லை. சுவருக்கு அப்பால் ஓர் இளம்பெண் வந்து, என் அயலவரின் பெயரையும், என்றோ இறந்துபோன அவருடைய தந்தையாரின் பெயரையும், இலக்கத்தையும் சொல்லிவிட்டு, பதிலுக்காகக் காத்திருப்பதுபோல் நிற்பாள். எனக்கு அந்த நேரத்தில் துணியை வெட்ட முடிவதில்லை. ஒருநாள் அவரிடம் மன்னிப்புக் கேட்டேன்.

"நீங்க பொத்தாட்டி அந்தப் பிள்ளையிண்ட மானம் போயிருக்கும்" என்றார். "உங்கட கையில துணிக்குக் கோடு போடுற சோக் மணம் இருந்திச்சு. எனக்கு அதுதான் ஞாபகம்."

இரண்டு ஆண்டுகள் கழிந்தன. சீனி வருத்தம் எனும் நீரிழிவு அவருடைய கால்களைப் பிடித்தது. முன்னறைக்குக் கட்டிலைக் கொண்டுவந்து போட்டார்கள். அப்போது ஒரு காலை வேளையில் அந்தப் பிள்ளை தனியாக என் கடைக்கு வந்தது. மைத்துனியின் கல்யாணத்துக்குச் சட்டை தைக்க வேண்டும் என்று காதருகே வந்து கிசுகிசுத்தது. பக்கத்து வீட்டில் இருப்பவர் யார் என்று அது அறியாது, நானும் சொல்லவில்லை. அளவு நாடாவை இடுப்பில் சுற்றி, எவரிடமும் சொல்வதையே சொன்னேன்.

"மூச்சை விடுங்க மகள்."

பிள்ளை மூச்சை விட்டது. அந்த மூச்சோடு பெயர் வந்தது, தந்தை பெயர் வந்தது, இலக்கம் வந்தது. சற்றுக் கரகரப்பானது, மூக்கைத் தொடாதது.

"இப்ப என்ன சொன்னீங்க?"

"நான் ஒண்டும் சொல்லேல்லையே, அங்கிள்" என்று கிசுகிசுத்தது பிள்ளை.

சுவரின் மறுபுறத்திலிருந்து உள்ளங்கையால் தட்டும் ஓசை கேட்டது. ஒருமுறை, பின் இருமுறை.

அளவு நாடாவைக் கழுத்தில் போட்டுக்கொண்டு நான் பிள்ளையின் கையைப் பிடித்து அழைத்துப் போனேன். அம்மையார் கட்டிலில் எழுந்து உட்கார்ந்திருந்தார். பிள்ளை அவரைக் கண்டதும் பின்வாங்கவில்லை, அருகில் அமர்ந்தது.

"கேட்டனீங்களா தங்கச்சி? உங்கட குரல். அது இருக்கு" என்றேன்.

"கேட்டன்" என்றார். "இவட தொண்டைக்குள்ள நான் இருக்கிறன் அண்ணன். அதாலதான் இவவுக்கு இடமில்ல." பிறகு பிள்ளையின் மணிக்கட்டைப் பிடித்து, "இப்ப நீங்க என்னைக் கேளுங்க, மகள். நான் உங்களைக் கேட்ட மாதிரி" என்றார்.

"காலமை என்ன சாப்பிட்டனீங்கள், அன்ரி?" என்று கிசுகிசுத்தது பிள்ளை.

"பாணும் பருப்பும். பாண் நேற்றையது. சம்பலுக்கு உப்புக் காணாது எண்டு வேலைக்கு வாரவவோட சண்டை பிடிச்சன். அவ போனைப் பார்த்துக்கொண்டு இடிச்சவ" என்று அம்மையார் பிள்ளையின் குரலிலேயே சொல்லிக்கொண்டு போனார். சொல்லச் சொல்ல அது மெலிந்தது, கரை தேய்ந்த துணிபோல். பிள்ளையின் உதடுகளும் கூடவே அசைந்தன. கடைசிச் சொற்கள் பிள்ளையின் வாயிலிருந்து வந்தன, உரத்து, தெளிவாக. பிள்ளை தன் தொண்டையைப் பிடித்துக்கொண்டு, "அன்ரி, காணும், போதும்" என்றது, அழுதது, அழுகையும் அதனுடையதாகவே இருந்தது.

நான் அம்மையாரின் முகத்தைப் பார்த்தபடி நின்றேன். இப்போது சொல்லுவார் என்று காத்திருந்தேன். பெயர், தந்தை பெயர், இலக்கம். அவர் உதடுகளைத் திறந்தார். பிள்ளையைப் பார்த்தார். பின், அன்று நான் செய்ததுபோலவே, தம் வலது உள்ளங்கையை எடுத்துத் தம் வாயைப் பொத்திக்கொண்டார்.

சொந்தக் குரல் திரும்பியிருக்கக்கூடும். அல்லது சொல்லிப் பார்க்கும்போது பிள்ளையின் குரலே மீண்டும் வந்து, பிள்ளை மீண்டும் ஊமையாகியிருக்கக்கூடும். எது என்று அறியச் சொல்லிப் பார்க்க வேண்டும். அவர் சொல்லிப் பார்க்கவில்லை. அதன் பின் உயிரோடிருந்த நான்கு மாதமும் ஒரு சொல்லும் பேசவில்லை. குழாயடியும் மௌனமாயிற்று.

பெரியாஸ்பத்திரிக்குக் கொண்டுபோனபோது நான் உடன் சென்றேன். தாதி பத்திரத்தை வைத்துக்கொண்டு, "பேர் சொல்லுங்க அம்மா" என்றார். அம்மையார் வாயைப் பொத்தியபடி என்னைப் பார்த்தார். நானே சொல்ல வேண்டியதாயிற்று: பெயர், தந்தை பெயர், இலக்கம். மூன்றையும் நான் சொல்லி முடித்ததும் அவர் கையை எடுத்துவிட்டுக் கண்களை மூடிக்கொண்டார். மறுநாள் காலை காலமானார்.

பிள்ளை இப்போது நலம். பாடுவதில்லை, வங்கி ஒன்றில் பணி செய்கிறது, வசன முடிவில் குரலைத் தூக்கும் பழக்கம் அப்படியே இருக்கிறது. பாட்டின் பதிவு இன்னும் கைப்பேசிகளில் கிடைக்கிறது. அதன் முடிவில், கைதட்டலுக்கு முன், ஒருவர் மூச்சு இழுப்பதும் ஏதோ ஓர் ஒலி தொடங்கி அறுவதும் கேட்கும். கேட்பவர்கள் அதைப் பிள்ளையின் விம்மல் என்கிறார்கள்.

அம்மையாரின் வீடு பூட்டிக் கிடக்கிறது. சென்ற மாதம், பாவாடைக்குக் கரை அடிக்க வந்திருந்த ஒரு பெண்மணி கடைப் படியில் காத்திருந்தபடி என்னிடம் கேட்டார்: "ஐயா, உள்ளுக்கு யாரு? ஒரு அம்மா பேரும் டோர் நம்பரும் சொல்றாங்களே."

உள்ளே எவரும் இல்லை. நான் மட்டும் ஊசியில் நூல் கோத்துக்கொண்டிருந்தேன். மாலை வேளை. என் வலது கை, அன்று அந்தப் பெயரின் முதல் ஒலி பட்ட கை, வாய்க்கு அருகில் இருந்தது.

அதன் பின் நான் அந்நேரத்தில் எவரையும் கடையில் இருக்க விடுவதில்லை. எனக்கு வயதாகிறது. எனக்குப் பின் அந்தக் குரல் எங்கே போகும் என்று அறியேன். அன்று பாடியவர் இன்னார் என்று எந்த ஏட்டிலும் இல்லை. திரையில் ஓடிய பெயர்களிலும் அவர் இல்லை. பிள்ளையின் பெயரை நான் எழுதாததற்குக் காரணம், அதன் மானம். அம்மையாரின் பெயரை எழுதாததற்குக் காரணம் வேறு. எழுதினால் தாங்கள் அதனைத் தங்கள் குரலில் வாசிப்பீர்கள்.

ஆகவே பெயர் இல்லாத இந்தத் தாளை, ஐயா, அம்மையீர், தயவுசெய்து பத்திரமாக வைத்திருங்கள்.